வேலையிழந்தோர் உற்சாக மையம்

கூட்டுறவு அரிசி ஆலையை மூடியபோது அறுபத்திரண்டு பேருக்கு வேலை போயிற்று. அவர்களுக்கு உற்சாகம் ஊட்டுவதற்காக அதே கட்டடத்தில் ஒரு மையம் திறந்தார்கள். அதில் பதினேழு பேருக்கு வேலை கிடைத்தது. அந்தப் பதினேழு பேரில் ஒருவர்கூட இந்த அறுபத்திரண்டு பேரில் இல்லை.

மையத்தின் பெயர் வேலையிழந்தோர் உற்சாக மையம். பாபநாசத்திலிருந்து தஞ்சாவூர் போகும் சாலையில், பேருந்தில் போகிறவர்களுக்கும் தெரிகிற மாதிரி பெரிய பலகை வைத்திருந்தார்கள். பலகையில் ஒரு குடும்பம் சிரித்துக்கொண்டிருந்தது. அந்தக் குடும்பத்தில் யாருக்கு வேலை போயிற்று என்று கண்டுபிடிக்க முடியாது. நாயும் சிரித்துக்கொண்டிருந்தது.

சவரியப்பன் அங்கே உற்சாகம் தேடிப் போகவில்லை. ஒரு தாள் தேடிப் போனார்.

இருபத்து நான்கு வருடம் அந்த ஆலையில் பாய்லர் பார்த்தவர் அவர். புழுங்கலுக்கு நெல் அவிக்கும் நீராவி அவர் பொறுப்பு. ஞாயிற்றுக்கிழமை பூசைக்குத் தவறாதவர். பொய் சொன்ன நாளில் சோறு இறங்காது என்பதால் பெரும்பாலும் சொல்வதில்லை. ஆலை மூடி எட்டு மாதம் ஆன பிறகு, நன்னிலத்தில் காதர் மைதீன் என்பவருடைய அரிசி ஆலையில் ஓர் இடம் காலியாயிற்று. அங்கே பாய்லர் பார்த்த ஷஹ்பாஸ் சவுதிக்குப் போய்விட்டான்.

"உங்களப் பத்தி விசாரிச்சுட்டேன், சவரியப்பன். எனக்கு நீங்கதான் வேணும்" என்றார் காதர் மைதீன். "லைசென்ஸ் இருக்கு, சரி. இத்தன வருஷம் இன்ன மில்லுல பாய்லர் பாத்தாருன்னு ஒரு அனுபவச் சான்று வேணும். அடுத்த வாரத்துக்கு அடுத்த திங்கக்கிழம பாய்லர் இன்ஸ்பெக்டர் வர்றாரு. அவரு ஆள் பேரப் பதிஞ்சாத்தான் நான் அடுப்பு மூட்டலாம். அன்னிக்கி ஒங்ககிட்ட சான்று இல்லேன்னா கும்பகோணத்துக்காரர் ஒருத்தர் இருக்காரு, அவரப் போட்டுருவேன். தப்பா நெனைக்காதீங்க."

"நெனைக்க மாட்டேன் பாய். ஒரு தாள்தானே."

ஆலையின் பதிவேடுகள் எங்கே போயின என்பது அவருக்கு அப்போது தெரியாது. அவை உற்சாக மையத்தின் வசம் இருந்தன.

மையத்தின் இயக்குநர் அன்பரசனுக்கு, முன்பு லாரிகளை எடைபோட்ட இடத்தில் அறை கட்டியிருந்தார்கள். எடைமேடையை எடுக்காமலே மேலே ஓடு பதித்துவிட்டதால், யார் உள்ளே வந்தாலும் தரை சற்றே அமிழ்ந்து எழும். வந்தவர்கள் பயத்தில் மேசையைப் பிடித்துக்கொள்வார்கள். அது மரியாதை என்று இயக்குநர் எடுத்துக்கொண்டார்.

"அனுபவச் சான்று தாராளமா குடுக்கலாம். ஆனா அது, வேலை தேடும் தகுதிச் சான்று வாங்கினவங்களுக்குத்தான்."

"அது என்னங்க சார்?"

"நீங்க வேலை தேடுறதுக்குத் தகுதியானவர்னு நாங்க குடுக்கறது. முப்பது நாள் உற்சாகப் பயிற்சி முடிச்சாக் கெடைக்கும்."

"சார், எனக்கு வேல கெடச்சிருச்சு. சேர வேண்டியதுதான் பாக்கி."

இயக்குநரின் முகம் வாடிவிட்டது.

"தகுதிச் சான்று இல்லாம எப்படித் தேடினீங்க?"

"தேடல சார். அவங்களாக் கூப்பிட்டாங்க."

"இங்க பாருங்க சவரியப்பன். ஆளாளுக்கு இப்படி வேலைக்குப் போயிட்டா பயிற்சிக்கு யார் இருப்பாங்க? போன மாசம் ரெண்டு பேர் பாதியில வேலை கெடச்சுப் போயிட்டாங்க. இடைநிற்றல்னு மேலேருந்து என்கிட்ட விளக்கம் கேட்டாங்க. வேலை கெடைக்கறது உங்க சொந்த விஷயம். அதுக்காக ஒரு திட்டமே பாழாகணுமா?"

சவரியப்பன் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றார். முப்பது நாள் முடியும் முன்பே அந்தத் திங்கட்கிழமை வந்துவிடும் என்று தெரிந்தும் மறுநாள் காலை பயிற்சியில் சேர்ந்தார். நல்லது கேட்டால் நல்லது நடக்கும் என்று நம்பி வளர்ந்தவர். அந்த நம்பிக்கையைச் சட்டென்று விட முடியவில்லை.

பயிற்சி அளித்தவர் திருச்சியிலிருந்து வந்த கிளாட்சன். இஸ்திரி போட்ட சட்டை, கழுத்தில் அட்டை, காதருகே மைக். எதிரே இருபது பேர் உட்கார்ந்திருந்தாலும் மைதானத்தில் பேசுவதுபோலவே பேசுவார். காலை பத்து மணிக்கு உறுதிமொழி.

"எனக்கு வேலை இல்லை!" என்பார் கிளாட்சன்.

"அதனால் கவலை இல்லை!" என்று எல்லாரும் சொல்லி மூன்று முறை கைதட்ட வேண்டும்.

பிறகு அட்டை. ஒவ்வொருவர் கையிலும் ஐந்து முகங்கள் வரைந்த அட்டை இருக்கும். அழுகிற முகத்திலிருந்து வாய்கொள்ளாமல் சிரிக்கிற முகம் வரை. அன்றைக்கு உங்கள் மனநிலை எதுவோ அதைத் தொட்டுக் காட்ட வேண்டும். முதல் நாள் சவரியப்பன் உண்மையாக நடுமுகத்தைத் தொட்டார். அன்று மாலை அவரை மட்டும் ஒரு மணி நேரம் இருத்திவைத்து உற்சாகப்படுத்தினார்கள். வெளியே கடைசிப் பேருந்து போய்விட்டது. நான்கு கிலோமீட்டர் நடந்து வீட்டுக்குப் போனார். மறுநாள் முதல் எல்லாரையும்போல வாய்கொள்ளாச் சிரிப்பைத் தொட்டார். மாத இறுதியில் மையம் மேலிடத்துக்கு அனுப்பிய அறிக்கையில், ஆலை ஓடிய காலத்தைவிட மூடிய பிறகு தொழிலாளர் மகிழ்ச்சி பல மடங்கு கூடியிருப்பதாக எழுதியிருந்தது.

ஒருநாள் சவரியப்பன் கையைத் தூக்கினார்.

"சார், களத்துல நெல்லு காயவச்ச பொம்பளைங்க இருந்தாங்க. காத்தாயி, அவங்க கூட்டம். நாப்பது பேருக்கு மேல. அவங்கள யாரும் கூப்பிடலையே?"

அன்று வகுப்பைப் பார்வையிட வந்திருந்த இயக்குநரே பதில் சொன்னார்.

"நல்ல கேள்வி. அவங்க தினக்கூலி. அவங்க வேலை பாத்ததா எந்தப் பதிவேட்டுலயும் இல்ல. இல்லாத வேலைய ஒருத்தர் எப்படி இழக்க முடியும்? அந்த வகையில அவங்க நம்மளவிடக் குடுத்துவச்சவங்க."

கிளாட்சன் கைதட்டினார். எல்லாரும் மூன்று முறை தட்டினார்கள்.

காதர் மைதீன் சொன்ன திங்கட்கிழமைக்கு நான்கு நாள் இருந்தபோது இயக்குநர் அவரைக் கூப்பிட்டு அனுப்பினார். தரை அமிழ்ந்து எழுந்தது.

"சனிக்கிழமை மையத்தோட நூறாவது நாள் விழா. சென்னையிலேருந்து பெரிய அதிகாரி அம்மா வர்றாங்க. விழா எப்படித் தொடங்குதுன்னா, ஆலையோட பழைய சங்கை ஒரு தொழிலாளியே ஊதறாரு. மூணு தடவை. நம்பிக்கை, உற்சாகம், ஊக்கம். மூணு தூண். அந்தத் தொழிலாளி நீங்கதான். மேடையிலயே உங்க அனுபவச் சான்ற அம்மா கையால குடுத்துடறோம். முப்பது நாள் தளர்த்திட்டேன். சந்தோஷமா?"

சவரியப்பனுக்குச் சந்தோஷம்தான். ஆனால் அவர் முகம் அப்படிச் சொல்லவில்லை.

"சார், மூணு சங்கு ஊதக் கூடாதுங்க."

"ஏன்?"

அவர் விளக்கினார். ஒரு சங்கு என்றால் வேலைக்கு வா. இரண்டு என்றால் சாப்பாடு. மூன்று என்றால் மழை. களம் நிறைய அவித்த நெல் காயும்போது வானம் கறுத்தால் மூன்று சங்கு ஊதுவார்கள். அது கேட்டதும் ஆலையில் வேலை செய்கிறவர், செய்யாதவர், வழியே போகிறவர் எல்லாரும் ஓடிவர வேண்டும். நின்று கேட்கக் கூடாது, வானத்தைப் பார்க்கவும் கூடாது. முதலில் நெல்லைத் தள்ளிக் குவித்துத் தார்ப்பாய் போட்டு மூட வேண்டும், பிறகுதான் பேச்சு. அவித்த நெல் நனைந்தால் நாறிப்போகும். சுற்றியுள்ள நான்கு கிராமத்துக்கும் இது பழக்கம். ஒருமுறை கல்யாணப் பந்தியில் பாயசம் பரிமாறும்போது சங்கு கேட்டு, மாப்பிள்ளை உட்படப் பந்தியே எழுந்து ஓடியிருக்கிறது.

இயக்குநர் பொறுமையாகக் கேட்டார்.

"அதெல்லாம் எட்டு மாசத்துல மறந்துருப்பாங்க. மறதிதான் மறுவாழ்வோட முதல் படி. உங்களுக்கு ரெண்டாவது வாரத்துலயே சொல்லிக் குடுத்துருப்பாங்களே?"

"ரெண்டு தடவை ஊதலாம் சார். சாப்பாடுன்னு நெனைச்சுக்குவாங்க."

"அப்ப ஊக்கத்த எடுத்துறச் சொல்றீங்களா?"

சவரியப்பன் இரவெல்லாம் யோசித்ததாகச் சொல்வதற்கில்லை. தாள் கிடைக்கப்போகிறது என்ற நிம்மதியில் நன்றாகத் தூங்கினார். அதை நினைத்துத்தான் பிற்பாடு வெட்கப்பட்டார்.

சனிக்கிழமை களத்தில் பந்தல் போட்டிருந்தார்கள். பந்தலுக்கு முன்னால் வெறும் சிமெண்டுத் தரையில் மையத்தின் சின்னமான சிரிக்கும் சூரியனை நெல்லால் வரைந்திருந்தார்கள். ஆலையில் நெல் இல்லாததால் இரண்டு மூட்டை வெளியிலிருந்து வாங்கி, மஞ்சள் சாயம் ஏற்றி, கும்பகோணத்திலிருந்து ஓவியர் ஒருவரை அழைத்து வந்து இரண்டு நாள் வேலை வாங்கியிருந்தார்கள். சூரியனுக்கு முப்பத்திரண்டு பல். சென்னை அதிகாரி அம்மா செருப்பைக் கழற்றிவிட்டுக் குத்துவிளக்கு ஏற்றினார். இயக்குநர் கையைக் காட்டினார். சவரியப்பன் சங்கின் சுவிட்சைத் தட்டினார்.

ஒன்று. இரண்டு. மூன்று.

முதல் ஒரு நிமிடம் ஒன்றும் நடக்கவில்லை. "பாத்தீங்களா" என்பதுபோல இயக்குநர் சவரியப்பனைப் பார்த்தார். பிறகு வாய்க்கால் பாலத்தின் பக்கம் ஒரு சத்தம் கேட்டது.

முதலில் ஓடிவந்தவள் காத்தாயி. சேலையைத் தூக்கிச் செருகியிருந்தாள். நடவு வயலிலிருந்து வந்ததால் முழங்கால் வரை சேறு. அவளுக்குப் பின்னால் முப்பது நாற்பது பெண்கள், சாக்கும் துடைப்பமும் தார்ப்பாயுமாக. டீக்கடையில் உட்கார்ந்திருந்த ஆட்கள் வந்தார்கள். பால்காரர் சைக்கிளைப் போட்டுவிட்டு வந்தார். பள்ளிவாசலுக்குப் போய்க்கொண்டிருந்த இருவர் வந்தார்கள். யாரும் வானத்தைப் பார்க்கவில்லை. வானம் நீலமாக இருந்தது. யாரும் பேசவில்லை. களத்தில் நெல் கிடந்தது, அவ்வளவு போதும். நெல் தள்ளும் பலகையைக் காணாததால் பிளாஸ்டிக் நாற்காலிகளைக் கவிழ்த்து அவற்றால் தள்ளினார்கள். நான்கு நிமிடத்தில் சூரியனை நாலாபக்கமும் சுருட்டி நடுவே குவித்து, தார்ப்பாய் போட்டு, ஓரத்தில் செங்கல் வைத்துவிட்டார்கள். தார்ப்பாய் போதாத இடத்துக்கு வரவேற்புப் பதாகையை அவிழ்த்துப் போட்டார்கள். சென்னை அம்மாவின் ஒற்றைச் செருப்பும் குவியலுக்குள் போயிற்று.

காத்தாயி இடுப்பில் கைவைத்து நிமிர்ந்து, அப்போதுதான் மேடையைப் பார்த்தாள்.

இயக்குநர் சுதாரித்துக்கொண்டார். பெரிய பதவியில் இருப்பவர்கள் அப்படித்தான்.

"பாருங்கள்!" என்றார் மைக்கில். "அழைப்பிதழ் அச்சிடாமலே திரண்ட மக்கள் வெள்ளம்! நூறே நாளில் இந்த மையம் ஊட்டிய உற்சாகம்!"

"இவங்கல்லாம் நம்ம பயனாளிகளா?" என்று சென்னை அம்மா ஒற்றைக் காலை மறைத்தபடி கேட்டார். மைக் அதையும் ஒலிபரப்பியது.

"இல்லைங்க மேடம். இவங்களுக்கு நாம ஒண்ணுமே செய்யல. அப்படியிருந்தும் எவ்வளவு நன்றி பாருங்க!"

காத்தாயி மேடையை நோக்கி இரண்டடி வந்தாள். அவள் பார்த்தது இயக்குநரை அல்ல.

"சவரியண்ணே, மழையுமில்ல ஒண்ணுமில்ல. யாரு நெல்லு இது? மில்லத் தெறந்துட்டாங்களா?"

களம் முழுவதும் அந்தக் கேள்வியில் நின்றது. பின்னால் ஒரு பெண் அதற்குள் சேலையில் கையைத் துடைத்துச் சிரிக்க ஆரம்பித்துவிட்டாள்.

இயக்குநர் ஒரு கையால் மைக்கைச் சவரியப்பனிடம் நீட்டினார். மறுகையில் அனுபவச் சான்று, கையெழுத்தும் முத்திரையுமாக, பிளாஸ்டிக் உறையில் இருந்தது. கிளாட்சன் அவசரமாக ஒரு சீட்டைத் திணித்தார். அதில் எழுதியிருந்தது: 'ஆலை மூடப்படவில்லை, அது நம் ஒவ்வொருவருக்குள்ளும் திறந்தே இருக்கிறது.'

"சத்தமா வாசிங்க. இந்தத் தாள் உங்களோடதுதான்" என்றார் இயக்குநர் மெதுவாக.

சவரியப்பன் சீட்டைப் பார்த்தார். தாளைப் பார்த்தார். பின்னால் சிரிக்க ஆரம்பித்த அந்தப் பெண்ணைப் பார்த்தார்.

"மில்லு தெறக்கலம்மா" என்றார். "இது விழா. மூணு ஊதுனா நீங்க வருவீங்கன்னு தெரிஞ்சுதான் ஊதுனேன். ஒரு தாளுக்காக ஊதிட்டேன். தப்பு எம்மேல. வேலைய விட்டுட்டு ஓடியாந்துருக்கீங்க. மன்னிச்சுருங்க."

யாரும் திட்டவில்லை. அவரவர் சாக்கையும் துடைப்பத்தையும் எடுத்துக்கொண்டு போனார்கள். தார்ப்பாயை மட்டும் காத்தாயி எடுக்கவில்லை. மூடிய நெல்லை மழை வராததற்காகத் திறந்துபோட அவளுக்கு மனம் வரவில்லை.

அனுபவச் சான்று இயக்குநரின் கோப்புக்குள் திரும்பிப் போயிற்று. அன்று மாலையே அறிக்கையும் போயிற்று. அதில் மக்கள் பங்கேற்பு முந்நூறு என்றும், ஒரு பயனாளியிடம் உற்சாகக் குறைபாடு கண்டறியப்பட்டு அவருக்கு முதல் நாளிலிருந்து மறுபயிற்சி பரிந்துரைக்கப்படுகிறது என்றும் இருந்தது.

ஞாயிறு மாலை காத்தாயி சவரியப்பன் வீட்டுக்கு வந்தாள். வாசலிலேயே ஆரம்பித்தாள்.

"ஏன்ணே, ஒனக்குப் புத்தி இருக்கா? கையில இருந்த நாத்து முடிய அப்படியே போட்டுட்டு ஓடியாந்தேன். வயக்காரரு இன்னும் என்னயத் திட்டிக்கிட்டு இருக்காரு."

சவரியப்பன் தலையைக் குனிந்துகொண்டார். அவர் மனைவி செபஸ்தியம்மாள் காபி கொண்டுவந்து வைத்தாள்.

"நல்லாக் கேளு காத்தாயி. நானும் காலையிலேருந்து கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன். ஊதுனதுதான் ஊதுனாரு, அந்தச் சீட்டயாச்சும் வாசிச்சுருந்தா நாளைக்கி வேலையில சேந்துருப்பாரு. ரெண்டும் போச்சு." நன்னிலம், காதர் மைதீன், இன்ஸ்பெக்டர் எல்லாவற்றையும் அவள் சொன்னாள்.

காத்தாயி காபியைக் குடித்து முடித்தாள்.

"அந்தத் தாளுல என்ன எழுதிருக்கும்?"

"இவரு இத்தன வருஷம் பாய்லர ஒழுங்காப் பாத்தாருன்னு."

"இவ்ளோதானா? அத நான் சொல்றேனே. எத்தன மணிக்கி பஸ்ஸு?"

திங்கட்கிழமை காலை பத்துப் பெண்களோடு வந்து நின்றாள். எல்லாரும் அன்றைய கூலியை விட்டுவிட்டு வந்தவர்கள். பெண்களுக்குக் கட்டணமில்லாத நகரப் பேருந்தாகவே பார்த்து மூன்று இடத்தில் மாறினார்கள். பன்னிரண்டு பேரில் டிக்கெட் வாங்கியவர் சவரியப்பன் ஒருவர்தான்.

"என்னண்ணே, பொண்ணு பாக்கப் போறீங்களா, பொண்ண அனுப்பப் போறீங்களா?" என்றார் நடத்துநர்.

"பரீட்ச எழுதப் போறோம்" என்றாள் காத்தாயி.

நன்னிலத்தில் ஆலை வாசலில் இறங்கிய கூட்டத்தைப் பார்த்துக் காதர் மைதீன் பயந்துபோனார். ஏதோ தகராறு என்று நினைத்துவிட்டார். கும்பகோணத்துக்காரர் சான்றிதழோடு வந்து ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். இன்ஸ்பெக்டர் பாய்லரைச் சுற்றிப் பார்த்துவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு மேசைக்கு வந்தார். நாள் முழுக்கக் கொதிகலன்களுக்குள் தலையை விட்டுப் பார்க்கிறவர். முகத்தில் கரி இருந்தது.

"லைசென்ஸ் சரியா இருக்கு. அனுபவத்துக்கு ஆதாரம்?"

"இல்லைங்க சார்" என்றார் சவரியப்பன். "குடுக்கல."

"அப்பறம் இவங்கல்லாம் யாரு?"

காத்தாயி முன்னால் வந்தாள்.

"இவரு அவிச்ச நெல்ல இருவது வருஷம் களத்துல காயப்போட்டவங்க சார். இவரு பாய்லருக்கும் எங்களுக்கும் நடுவுல ஒரே ஒரு செவுரு. ஒத்தச் செங்கல் செவுரு. அந்தச் செவுத்து நெழல்லதான் சாப்புடுவோம், அதுலதான் புள்ளைய ஏணை கட்டித் தூங்கப்போட்டோம். இவருக்கு வேல தெரியாம இருந்துருந்தா, நாங்க பதினோரு பேரும் முழுசா வந்து ஒங்க முன்னால நிப்போமா?"

இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை. ஒவ்வொருவராகப் பார்த்தார், இயந்திரத்தைப் பார்க்கிறவரின் நிதானத்தோடு, அவசரமில்லாமல். பிறகு மூன்று வெள்ளைத் தாள் கேட்டார். பதினோரு பேருடைய பெயரையும் ஊரையும் கேட்டுத் தன் கையாலேயே வாக்குமூலம் எழுதினார். ஏழு பேர் கையெழுத்துப் போட, நான்கு பேர் ரேகை வைத்தார்கள். அவர்கள் வேலை பார்த்ததாக ஏதோ ஒரு பதிவேட்டில் ஏறியது அதுதான் முதல் தடவை.

கும்பகோணத்துக்காரர் தாமாகவே எழுந்து நாற்காலியை ஒரு பெண்ணுக்குத் தள்ளிவிட்டார். "எனக்கு இன்னொரு எடம் சொல்லியிருக்காங்க" என்றார். சொல்லியிருந்தார்களோ என்னவோ, இறைவனுக்குத்தான் தெரியும்.

இன்ஸ்பெக்டர் கடைசியாகப் பதிவேட்டில் சவரியப்பன் பெயருக்கு நேரே ஒரு வரி எழுதி, கையெழுத்திட்டுத் திருப்பி வைத்தார். காதர் மைதீன் கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு சத்தமாக வாசித்தார்.

"'அனுபவத்துக்கு ஆதாரங்கள்: பதினொன்று. அனைத்தும் நேரில் பார்வையிடப்பட்டன. சேதம் ஏதுமில்லை.'"

"சேதமில்லையா?" என்றாள் காத்தாயி. "நல்லா இருக்கே! எம் முட்டிய யாரு பாத்தா?"